என்னிடம் பேசிய நட்சத்திரங்கள்

சினிமா நிருபனுக்குப் பேனா இல்லாவிட்டால்கூடச் சமாளித்துவிடலாம், பக்கத்தில் இருப்பவரிடம் இரவல் கேட்கலாம். சந்தேகத்தை யாரும் இரவல் தரமாட்டார்கள். ஒரு நடிகர், 'எனக்கு விளம்பரமே பிடிக்காது' என்று சொன்னால், அதை இன்னும் எத்தனை பத்திரிகைகளுக்குச் சொன்னார் என்று சந்தேகப்பட வேண்டும். தயாரிப்பாளர், 'படம் தீபாவளிக்கு வருது' என்றால், எந்தத் தீபாவளி என்று சந்தேகப்பட வேண்டும்.

எனக்கு இந்தக் குணம் தொழிலுக்கு வருவதற்கு முன்பே இருந்தது. (கோயிலுக்குப் போனால் செருப்பை ஒரு மூலையில் ஒன்று, இன்னொரு மூலையில் ஒன்று என்று கழற்றி வைப்பவன் நான். இதுவரை திருட்டுப் போனதில்லை. நானே கண்டுபிடிக்க முடியாமல் ஒற்றைச் செருப்போடு வீடு திரும்பியிருக்கிறேன், அது வேறு விஷயம்.) இப்படிப்பட்ட என்னை ஒரு மனிதர் என்னைவிடப் பலமாகச் சந்தேகப்பட்டார். அதை என் மனைவி வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள். அவள் சொல்வதில் கைச்சரக்கு அதிகமாகிக்கொண்டே போவதால், நானே சொல்லிவிடுவது நல்லது.

அறுபதுகளின் தொடக்கம். சென்னையில் ஒரு சினிமா வாரப் பத்திரிகையில் புதிதாகச் சேர்ந்திருந்தேன். புரூஃப் அறையில் எழுத்துப்பிழை திருத்திக்கொண்டிருந்தவனை, எங்கள் ஆசிரியர் தற்காலிக நிருபராக வெளியே விட்டிருந்தார். 'தற்காலிக' என்ற சொல்லை அழுத்திச் சொல்வது அவர் வழக்கம். புரூஃப் அறைக்கு ஜன்னல் கிடையாது என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறேன்.

ஒரு நாள் ஆசிரியர் என்னைக் கூப்பிட்டு, கதவைச் சாத்தச் சொன்னார். சம்பள உயர்வோ, சீட்டுக் கிழிப்போ என்று இரண்டுக்கும் தயாராக நின்றேன்.

"ஞானவல்லி எங்க இருக்காங்கன்னு தெரிஞ்சுபோச்சு" என்றார்.

ஞானவல்லி என் அம்மா காலத்துக் கதாநாயகி. ஒரு படம் பாதி எடுத்துக்கொண்டிருக்கும்போது சொல்லாமல் கொள்ளாமல் காணாமல் போனவர். காசியில் சந்நியாசம் வாங்கிவிட்டார் என்றார்கள், சிங்கப்பூரில் ஹோட்டல் நடத்துகிறார் என்றார்கள். உண்மையில் அவர் இலங்கைக்காரர் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு, வன்னியில் தர்மபுரம் என்கிற குடியேற்ற ஊரில் நெல் விளைவித்துக்கொண்டிருந்தார். கப்பலில் வந்த யாரோ ஒருவர் ஆசிரியரிடம் சொல்லியிருக்கிறார்.

"போய்ப் பேசிட்டு வா. அவங்க பேசினா நீ நிருபர். பேசலைன்னா பழையபடி புரூஃப் ரூம்தான். பேசாம மட்டும் வந்துடாதே."

அவர் ஒரே மூச்சில் எத்தனை தடவை 'பேசு' என்றார் என்பது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

புறப்படும்போது அறை நண்பன் ஒருவன் என்னைப் பயமுறுத்தி அனுப்பினான். "இலங்கையில இந்தியாக்காரனைப் பார்த்தாலே திருட்டுத்தனமா படகுல வந்த கள்ளத்தோணின்னு பிடிச்சு உள்ள போட்டுடுவாங்க. பாஸ்போர்ட்டை யார் கையிலயும் குடுத்துடாதே." அன்றிலிருந்து பாஸ்போர்ட்டைப் பனியனுக்குள் வைத்து, அது இருக்கிறதா என்று நிமிஷத்துக்கு ஒரு தரம் நெஞ்சைத் தடவிப் பார்த்துக்கொண்டேன். தனுஷ்கோடியில் கப்பல் ஏறித் தலைமன்னாரில் இறங்கினேன். அங்கிருந்து ரயில், மாறி இன்னொரு ரயில். வவுனியாவில் எதிரே உட்கார்ந்திருந்த அம்மாள், "தம்பிக்கு நெஞ்சு நோவோ?" என்று கேட்டார். இவர் யார், எதற்குக் கேட்கிறார் என்று சந்தேகப்பட்டு, அடுத்த பெட்டிக்கு மாறிவிட்டேன்.

இதோடு ஒரு கறுப்புக் கண்ணாடி வேறு. சினிமாக்காரன் என்றால் கண்ணாடி வேண்டுமே என்று மூர் மார்க்கெட்டில் வாங்கியது. கிளிநொச்சியில் இறங்கிப் பஸ் பிடித்து, தர்மபுரம் சந்தியில் ஒரு தேநீர்க் கடைக்குள் நுழைந்தேன். கடைக்காரர் சுலைமான் காக்கா என் முகத்தைப் பார்த்ததும் இரண்டடி பின்னால் போனார்.

"கண்நோயோ தம்பி? அந்த வாங்கிலை தள்ளி இருங்கோ. இந்த நேரம் ஊருக்குள்ளை பரவினால் கஷ்டம்."

அவர் காட்டிய பெஞ்சில் தள்ளி உட்கார்ந்தேன், கண்ணாடியைக் கழற்றவில்லை. கழற்றினால் நான் யாரென்று தெரிந்துவிடுமாம்! (என்னை யாருக்குமே தெரியாது என்பது எனக்கு நினைவில்லை.) பால் இல்லாத கறுப்புத் தேநீரும், உள்ளங்கையில் ஒரு பனங்கட்டித் துண்டும் தந்தார். பாலை ஏன் ஒளிக்கிறார் என்ற சந்தேகத்தோடு குடித்துவிட்டு, ஞானவல்லி அம்மாளைப் பற்றி விசாரித்தேன்.

"அப்பிடி ஒருத்தரும் இல்லையே. இந்தியாக்கார அக்காவையோ கேக்கிறீங்கள்? நாகலிங்கத்தாரின்ரை மனிசி. வாய்க்காலோடை போனால் கடைசி வீடு. அவர் நிப்பார், பயப்பிடாதேங்கோ. நல்லாக் கதைப்பார்."

நன்றாகக் கதைப்பாரா? சரிதான், கட்டுக்கதை விடுகிற ஆசாமி. மனதில் குறித்துக்கொண்டேன்.

"ஆறுதலாப் போங்கோ தம்பி" என்று வழியனுப்பினார்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஆறுதல் சொல்லும்படி எனக்கு என்ன நேரப்போகிறது? அந்த ஊரில் 'ஆறுதலாக' என்றால் அவசரப்படாமல் மெதுவாக என்று அர்த்தம். இது தெரியாமல், யாரோ செத்த வீட்டுக்குப் போகிற மாதிரி வாய்க்கால் ஓரமாக நடந்தேன்.

நாகலிங்கத்தார் படலையடியிலேயே, அதாவது வேலி வாசலிலேயே, நின்றார். மண்வெட்டியும் கையுமாக வயலிலிருந்து அப்போதுதான் வந்திருக்கிறார். ஆறடி உயரம், குரல் அதைவிடப் பெரிது. காலடியில் ஒரு நாய்.

"ஆர் நீர்? எங்கையிருந்து வாறீர்?"

"மெட்ராஸ்லேர்ந்து வர்றேன் சார்."

மெட்ராஸ் என்றதும் அவர் முகம் மாறியது. மண்வெட்டியைக் கீழே வைக்கப்போனவர், வைக்காமல் நிமிர்ந்தார். எதையோ ஒளிக்கிறார் என்று எனக்குப் பட்டது.

கதை நடந்தபோது எனக்குத் தெரியாத ஒன்றை உங்களுக்கு இப்போதே சொல்லிவிடுகிறேன். நாம் பேசுவதை அந்த ஊரில் 'கதைப்பது' என்பார்கள். அங்கே ஒருவர் ஒருவருக்குப் 'பேசினார்' என்றால், திட்டினார் என்று பொருள். இன்னொன்று. பாதிப் படத்தில் மனைவியை அழைத்து வந்த நாளிலிருந்து, என்றைக்காவது ஒரு நாள் மெட்ராஸிலிருந்து ஆள் வரும், அவரைக் கண்டபடி ஏசும் என்று நாகலிங்கத்தார் உள்ளுக்குள் பயந்துகொண்டே இருந்திருக்கிறார். இந்த இரண்டையும் மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

"ஞானவல்லி அம்மாகிட்ட பேசணும் சார். அதுக்காகத்தான் எங்க ஆசிரியர் என்னை அனுப்பியிருக்கார்."

"பேசவோ?"

"ஆமா சார். நல்லா உட்கார்ந்து, சாயங்காலம் வரைக்கும் பேசணும். நீங்க பக்கத்துலயே இருந்தாலும் பரவாயில்லை."

"நான் பக்கத்திலை இருக்க, என்ரை மனிசிக்குப் பேசுவீரோ?"

"நீங்களும் கூடச் சேர்ந்து பேசினா இன்னும் நல்லாயிருக்கும் சார்!"

அவர் கழுத்து நரம்பு புடைத்தது. கட்டுக்கதை ஆசாமி, யோசிக்கிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

"அவா உங்களுக்கு என்ன பிழை செய்தவா? இவ்வளவு காலத்துக்குப் பிறகு பேச ஆள் அனுப்பியிருக்கினமோ?"

"அவங்களை யாரும் மறக்கலை சார். பேசினதையெல்லாம் அப்படியே பத்திரிகையில போடுவோம். தமிழ்நாடு பூரா படிக்கும்."

நாய் உறுமியது. மனிதரும் ஏறக்குறைய அதையேதான் செய்தார். இவர் என்னை நம்பவில்லை, நான் சாதாரண ஆள் என்று நினைக்கிறார் என்று எனக்கு ரோஷம் வந்தது. அங்கேதான் வாய்க்கொழுப்பு வேலை செய்தது. என் தொழில் வாழ்க்கை முழுவதையும் (ஏழெட்டு மாதம் இருக்கும்) அந்தப் படலையடியில் எடுத்து விட்டேன்.

"சார், என்னைச் சாதாரணமா நினைக்காதீங்க. பெரிய பெரிய நடிகருங்க எல்லாம் என்கிட்ட பேசியிருக்காங்க. ஒரு ஹீரோ ஷூட்டிங்கையே நிறுத்திட்டுப் பேசினார். ஒரு காமெடியன் நடுரோட்டுல காரை நிறுத்தி, கண்ணாடியை இறக்கிப் பேசினார். ஒரு ஹீரோயின், பேர் சொன்னா அசந்துபோயிடுவீங்க, அவங்க அம்மாவையும் பக்கத்துல உட்கார வச்சுக்கிட்டு, ரெண்டு பேரும் மாத்தி மாத்திப் பேசினாங்க!"

நாகலிங்கத்தாரின் கோபம் ஒரு கணம் நின்றது. "தாயும் மகளுமோ?" என்றார்.

"ஆமா சார். காபி குடுத்துட்டுப் பேசினாங்க."

"கோப்பி தந்துபோட்டோ பேசினவை!"

"ஒரு தயாரிப்பாளர் போன் போட்டுக் கூப்பிட்டுப் பேசினார்."

"போனிலையுமோ? தம்பி, உமக்கு ரோசம் வாறேல்லையோ?"

"ரோசமா? பெருமை சார் எனக்கு! எங்க ஆசிரியர்கிட்டகூட இத்தனை பேர் பேசினதில்லை."

அவர் என்னைப் பார்த்த பார்வையை இன்றைக்கும் மறக்கவில்லை. ஊர் ஊராகப் போய் ஏச்சு வாங்குவதையே தொழிலாக வைத்துக்கொண்டு, அதில் பெருமையும் படுகிற ஒரு பிறவியைத் தன் வாழ்நாளில் முதல் முறையாகப் பார்க்கிறார். (அந்த நகைச்சுவை நடிகர் காரை நிறுத்தியது உண்மை. நான் காருக்குக் குறுக்கே போய் நின்றதுதான் காரணம். யோசித்துப் பார்த்தால், அன்று அவர் என்னிடம் பேசியது நாகலிங்கத்தார் புரிந்துகொண்ட அர்த்தத்தில்தான்.)

அந்த நேரம் பார்த்து என் கை, பழக்கதோஷத்தால், நெஞ்சைத் தடவியது.

"உதுக்குள்ளை என்ன வைச்சிருக்கிறீர்?"

"ஒண்ணுமில்லை சார்."

"எடும் பாப்பம்."

அறை நண்பன் சொன்னது பளிச்சென்று நினைவுக்கு வந்தது. இவர் போலீஸுக்கு ஆள் பிடித்துக் கொடுப்பவர்! பாஸ்போர்ட்டைப் பிடுங்கிக்கொண்டு என்னைக் கள்ளத்தோணி ஆக்கப்போகிறார்! இரண்டு கையாலும் நெஞ்சைப் பொத்திக்கொண்டு பின்வாங்கினேன். கத்தி வைத்திருக்கிறான் என்று அவர் முடிவுகட்டி, ஓரடி முன்னால் வந்தார். நாய் மூன்றடி வந்தது. நான் எத்தனை அடி போனேன் என்று தெரியவில்லை. முதுகுக்குப் பின்னால் வாய்க்கால் இருப்பதை மறந்துவிட்டேன்.

விழுந்ததில் கறுப்புக் கண்ணாடி தண்ணீரோடு போய்விட்டது. இடுப்பளவுச் சேற்றில் நின்றுகொண்டு மேலே பார்த்தால், நாகலிங்கத்தார் மண்வெட்டியை என் தலைக்கு நேரே நீட்டுகிறார். பிடித்து ஏறுவதற்காகப் பிடியைத்தான் நீட்டினார், பாவம். எனக்கு அப்படித் தெரியவில்லை.

"சார்! சார்! எதுவானாலும் பேசித் தீர்த்துக்கலாம் சார்!" என்று அலறினேன்.

"வாய்க்காலுக்குள்ளை நிண்டுகொண்டும் பேசப்போறீரோ!" என்று அவர் அதைவிடப் பெரிதாகக் கத்தினார்.

அப்போதுதான் குசினிப் பக்கமிருந்து சிரிப்புச் சத்தம் கேட்டது. ஒரு அம்மாள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வழியச் சிரித்தபடி வந்தார். நூல் புடவை, கையில் அகப்பை. தலையில் நரை. என் அம்மா பெட்டிக்குள் பத்திரமாக வைத்திருந்த பழைய பாட்டுப் புத்தகத்தின் அட்டையில் இருந்த அதே கண்கள்.

"இஞ்சருங்கோ, அந்தத் தம்பி என்னோடை கதைக்கத்தான் வந்திருக்கிறார். எங்கடை ஊரிலை பேசுறதெண்டால் கதைக்கிறது."

நாகலிங்கத்தார் யோசித்தார். "அப்ப, பேசுறதுக்கு என்ன சொல்லுறவை?"

"திட்டுறதெண்டு சொல்லுவினம்."

"அப்ப, கதை எண்டால்?"

"அது படத்திலை வாறது."

"உந்தச் சனம் கதைக்காமல் எப்பிடித்தான் சீவிக்குதுகளோ" என்று சொல்லிவிட்டு, ஒரே இழுப்பில் என்னைக் கரையேற்றினார். பாஸ்போர்ட்டை வாங்கிப் பக்கம் பக்கமாக விரித்து வேலியில் காயப்போட்டார். தன் சாரம் (நம் ஊர் லுங்கிதான்) ஒன்றைக் கொடுத்து உடுத்தச் சொன்னார். அது என்னை இரண்டு தரம் சுற்றியது.

முற்றத்தில் மூன்று கதிரைகள் போட்டு உட்கார்ந்தோம். பிழைத்தேன், நிருபர் வேலை நிச்சயம் என்று எனக்குக் குஷி. ஆசிரியர் சொல்லிக்கொடுத்த முதல் கேள்வியை எடுத்து விட்டேன்.

"உங்களை நம்பியிருந்த ரசிகர்களை நடுத்தெருவுல விட்டுட்டு வந்தீங்களே, இது நியாயமா?"

சிரிப்பு நின்றுவிட்டது. நாகலிங்கத்தார் தன் கதிரையை மனைவிக்குப் பக்கத்தில் நகர்த்திப் போட்டுக்கொண்டார்.

"பேசத்தானே வந்தீங்க தம்பி? பேசறேன், கேட்டுக்கோங்க" என்று மெட்ராஸ் தமிழுக்கு மாறினார் அந்த அம்மாள். பிறகு பேசினார். நாகலிங்கத்தாரின் தமிழில் சொல்லும் பேச்சு அது. ஒரு பெண் எங்கே போனாள், யாரோடு போனாள் என்று வாரா வாரம் எழுதிக் காசாக்கின பத்திரிகைகளையும், அதை நம்பிய ஊரையும், கடல் தாண்டி வந்து அதே கேள்வியைக் கேட்கிற என்னையும் சேர்த்துக் கிழித்தார். நான் தலை நிமிரவே இல்லை. எங்கள் ஆசிரியருக்கு உரியதையும் நானே வாங்கிக்கொண்டேன். வெட்கமாக இருந்தது. அவர் சொன்னதில் ஒரு வரிகூடத் தப்பில்லை.

கோபம் ஆறிய பிறகு, தானாகவே சொன்னார்.

"சிதம்பரத்துல ஷூட்டிங். வசனம் மறந்துபோச்சுன்னு டைரக்டர் எல்லார் முன்னாலயும் கன்னாபின்னான்னு திட்டிட்டார். வீட்டுக்குப் போனா மாமா திட்டுவார். ஒரு தூணுக்குப் பின்னால உட்கார்ந்து அழுதுட்டிருந்தேன். இவர் சாமி கும்பிட வந்தவர். என்னை யாருன்னே தெரியாது. கிட்ட வந்து, 'ஆர் பிள்ளை உமக்குப் பேசினது?'ன்னு கேட்டார். எனக்கு நம்ம தமிழ்தானே புரியும்? 'என்கிட்ட யாருமே பேசறதில்லைங்க'ன்னேன். 'அப்ப ஏன் அழுறீர்? சாப்பிட்டனீரோ? வாரும், கதைப்பம்'னார்."

நாகலிங்கத்தார் நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பெரிய மனிதருக்குக் காது சிவந்திருந்தது.

"அங்க எல்லாரும் பேசினாங்க தம்பி. இவர் ஒருத்தர்தான் என்னோட கதைச்சார். இதைப் பத்திரிகையில போட்டீங்கன்னா, நாளைக்கு இந்தப் படலையில வரிசை நிக்கும். போடாதீங்க."

எனக்கு ஜன்னலில்லாத அந்தப் புரூஃப் அறை கண் முன்னால் வந்தது. இருந்தாலும், "போடமாட்டேன்மா" என்றேன். அந்த இருவரையும் பார்த்துக்கொண்டு வேறு என்ன சொல்வது? வயிறு நிறையச் சோறு போட்டார்கள். காய்ந்து அப்பளமான பாஸ்போர்ட்டை நாகலிங்கத்தாரே என் சட்டைப் பையில் வைத்தார். "ஆறுதலாப் போம் தம்பி" என்றார். இந்த முறை எனக்கு நிஜமாகவே ஆறுதலாக இருந்தது.

சென்னையில் ஆசிரியர் வாசலிலேயே காத்திருந்தார். "ஞானவல்லி பேசினாங்களா?"

"பேசினாங்க சார்."

"நல்லாப் பேசினாங்களா?"

"ரொம்ப நல்லாப் பேசினாங்க சார். உங்களைப் பத்திக்கூட பேசினாங்க."

அவ்வளவுதான். நான் விளக்குவதற்குள் அச்சகத்துக்கு ஓடி, அடுத்த இதழின் அட்டையில் 'ஞானவல்லி நம்மிடம் பேசினார்!' என்று கொட்டை எழுத்தில் போடச் சொல்லிவிட்டார். அட்டை அச்சாகி முடிந்த பிறகு, உள்ளே போட ஒரு வரிகூடத் தரமாட்டேன் என்று சொன்னேன். அப்போது ஆசிரியர் என்னிடம் பேசினார். தெருவில் போனவர்கள் நின்று கேட்டுவிட்டுப் போனார்கள். மறுநாள் நான் புரூஃப் அறையில் இருந்தேன். வேறு பத்திரிகை ஒன்று என்னை எடுத்துக்கொள்ளும் வரை அங்கேயேதான் இருந்தேன்.

அதன் பிறகு நிருபனாகி, ஆசிரியனாகி, சினிமாவைப் பற்றி ஒரு அலுமாரி நிறையப் புத்தகங்களும் எழுதிவிட்டேன். அந்தத் தம்பதி இனித் தொந்தரவுக்கு எட்டாத இடத்துக்குப் போய்விட்டதாகச் செய்தி வந்த பிறகுதான், பெயரையும் ஊரையும் இப்படி வெளியே சொல்கிறேன். ஆனால் வீட்டில் விஷயம் கல்யாணமான வாரமே தெரிந்துபோயிற்று. டெலிபோன் மணி அடித்தால் என் மனைவி எடுத்துக் கேட்டுவிட்டு, வாயைப் பொத்திக்கொண்டு, "உங்ககிட்ட யாரோ பேசணுமாம். நம்ம பேச்சா, நாகலிங்கத்தார் பேச்சான்னு கேட்டுச் சொல்லவா?" என்பாள். பிள்ளைகளும் அதையே பிடித்துக்கொண்டார்கள். பள்ளிக்கூடத்தில் வாத்தியாரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டு வந்தால், "வாத்தியார் இன்னிக்கு எனக்குப் பேட்டி குடுத்தார்ப்பா" என்பான் மூத்தவன்.

இப்போது மணி அதிகம் அடிப்பதில்லை. என்னிடம் பேசிய நட்சத்திரங்களில் பாதிப்பேர் இல்லை. மீதிப்பேருக்கு என்னை நினைவில்லை. சாயங்காலம் வேலை முடிந்ததும் என் மனைவி இரண்டு நாற்காலிகளை மொட்டைமாடியில் இழுத்துப் போட்டுவிட்டு, "வாங்க, கதைப்போம்" என்று கூப்பிடுகிறாள். மெட்ராஸை விட்டுத் தாண்டாதவள் அந்த ஒரு சொல்லை மட்டும் அந்த ஊர்க்காரி போலவே சொல்கிறாள். இவள் எதற்கு அடிபோடுகிறாள் என்ற சந்தேகத்தோடு, நான் ஆறுதலாகப் படியேறிப் போகிறேன்.